ஒரே வருஷம், ரெண்டு கப்பல்: எம்.ஜே.கோபாலனின் கதை

கீழ்பென்னாத்தூரில் இருந்து சென்னைக்குக் கிளம்பினால் செஞ்சி, திண்டிவனம் போய் ஜி.எஸ்.டி. ரோட்டைப் பிடிக்க வேண்டும். அப்புறம் அச்சிறுபாக்கம், மதுராந்தகம், செங்கல்பட்டு என்று ஊர்ப் பெயர்கள் வரிசையாக வரும். பொங்கல், தீபாவளி லீவு முடிந்து நான் வேலைக்குத் திரும்புவது எப்போதும் இந்த ரூட்டில்தான். பெரும்பாலும் தூங்கிக்கொண்டே போவேன். இந்தச் செங்கல்பட்டு மாவட்டத்தில் மொரப்பாக்கம் என்றொரு கிராமம் இருக்கிறது என்பதும், அந்த ஊர்ப் பெயரைத் தன் இனிஷியலாக வைத்துக்கொண்டு ஒருவர் நியூசிலாந்து வரைக்கும் விளையாடப் போய் வந்தார் என்பதும் எனக்கு ரொம்ப லேட்டாகத்தான் தெரிந்தது.

அவர் எம்.ஜே.கோபாலன். இந்தியாவுக்காக கிரிக்கெட் ஆடினார். இந்தியாவுக்காக ஹாக்கியும் ஆடினார். கிரிக்கெட்டில் வேகப்பந்து, ஹாக்கியில் சென்டர் ஹாஃப். இன்றைக்கு இப்படி ஒருத்தர் இருந்தால் அவர் முகம் எத்தனை விளம்பரத்தில் வந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்!

ஆனால் அவர் பெயரைச் சொன்னதும் விளையாட்டு தெரிந்த பெரியவர்கள் முதலில் சொல்வது அவர் எடுத்த விக்கெட்டுகளை இல்லை. 1936-ல் அவர் எடுத்த ஒரு முடிவைத்தான். அந்த முடிவுக்கு வருவோம். அதற்கு முன்னால் அவர் எப்படி அந்த இடத்துக்கு வந்து சேர்ந்தார் என்று பார்த்துவிடலாம்.

பதிவுகளின்படி 1909 ஜூன் 6 அன்று பிறந்தார். ஊர் மொரப்பாக்கமாக இருந்தாலும் ஆட்டக்காரராக அவரை வளர்த்தது திருவல்லிக்கேணி. அங்கே டிரிப்ளிகேன் கிரிக்கெட் கிளப்பில் பந்து போட ஆரம்பித்தார். அந்தக் காலத்து மெட்ராஸ் கிரிக்கெட்டைப் பற்றி ஒரு விஷயம் தெரிந்தால்தான் இந்தக் கதை புரியும். வெள்ளைக்காரர்களுக்குத் தனி கிளப், நம்மவர்களுக்குத் தனி கிளப். இரண்டு தரப்பும் சேப்பாக்கத்தில் நேருக்கு நேர் மோதுவது பொங்கல் சமயத்தில் நடக்கும் பிரசிடென்சி மேட்ச்சில். இந்தியர்கள் ஒரு பக்கம், ஐரோப்பியர்கள் ஒரு பக்கம். ஊரே திரண்டு வரும். பொங்கல் மேட்ச் என்றே அதற்குப் பெயர்.

அந்த ஐரோப்பியர் பக்கத்தில் சி.பி.ஜான்ஸ்டன் என்றொரு இங்கிலீஷ்காரர். மெட்ராஸ் கிரிக்கெட்டை வளர்த்தவர்களில் முக்கியமானவர். கோபாலனின் பந்துவீச்சில் விஷயம் இருக்கிறது என்று கண்டுபிடித்தவர் அவர்தான். கண்டுபிடித்ததோடு நிற்கவில்லை. பர்மா ஷெல் எண்ணெய் கம்பெனியில் கோபாலனுக்கு ஒரு வேலையும் வாங்கிக் கொடுத்தார்.

இந்த வேலை விஷயம் சின்னது இல்லை. இன்றைக்கு ஒரு பாஸ்கெட்பால் ஆட்டக்காரர் இந்த சீசன் துருக்கி, அடுத்த சீசன் சீனா என்று நாடு நாடாகப் போனால் ஒவ்வொரு இடத்திலும் அவருக்கு ஒப்பந்தம் உண்டு, சம்பளம் உண்டு, பேரம் பேச ஓர் ஏஜென்ட் உண்டு. நம்ம ஊர் பையன்கள் ஐ.பி.எல். ஏலத்தில் கோடியில் போகிறார்கள். கோபாலன் காலத்தில் மெட்ராஸில் விளையாட்டுக்கு என்று யாரும் சம்பளம் கொடுக்கவில்லை. ராஜா வீட்டுப் பிள்ளையாக இருக்க வேண்டும், இல்லை யாராவது ராஜாவிடம் வேலைக்கு இருக்க வேண்டும். இரண்டும் இல்லையென்றால் விளையாட லீவு தரும் ஒரு கம்பெனி வேண்டும். கோபாலனுக்குக் கிடைத்தது மூன்றாவது வழி. மாதக்கணக்கில் கடலில் போவார், ஆடுவார், திரும்பி வந்து ஆபீஸில் உட்காருவார்.

1926-27 சீசனில் முதல்தர கிரிக்கெட்டுக்கு வந்தார். பிறந்த தேதியை வைத்துப் பார்த்தால் அப்போது பதினெட்டுகூட நிறையவில்லை. 1930-ல் விஜயநகரம் மகாராஜ்குமார், இங்கிலாந்தின் பெரிய பேட்ஸ்மேன்களான ஜாக் ஹாப்ஸையும் ஹெர்பர்ட் சட்கிளிஃபையும் தன் சொந்தச் செலவில் வரவழைத்து ஓர் அணி சேர்த்து ஊர் ஊராக ஆடிக்கொண்டிருந்தார். அந்த அணி மெட்ராஸுக்கு வந்தபோது ஹாப்ஸின் விக்கெட்டை எடுத்தவர் கோபாலன். ஹாப்ஸ் யார் என்று இந்தத் தலைமுறைக்குச் சொல்வதென்றால், முதல்தர கிரிக்கெட்டில் அவரைவிட அதிக ரன் அடித்தவர் இன்று வரைக்கும் இல்லை. விஜயநகரம் மகாராஜ்குமாரின் பெயரை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். ஆறு வருஷம் கழித்து இந்தக் கதைக்குள் திரும்ப வருவார்.

கொல்கத்தாவில் ஒரே ஒரு டெஸ்ட்

1933-34-ல் டக்ளஸ் ஜார்டைன் தலைமையில் இங்கிலாந்து அணி வந்தது. இந்திய மண்ணில் டெஸ்ட் கிரிக்கெட் முதல் முறையாக நடந்தது அந்தத் தொடரில்தான். மும்பையில் முதல் டெஸ்ட், கொல்கத்தாவில் இரண்டாவது, மூன்றாவது நம்ம சேப்பாக்கத்தில். 1934 ஜனவரி 5-ம் தேதி ஈடன் கார்டனில் தொடங்கிய இரண்டாவது டெஸ்ட்டில் கோபாலன் இடம்பிடித்தார். அதே மேட்ச்சில்தான் முஷ்டாக் அலியும் அறிமுகமானார். மேட்ச் டிரா. கோபாலனுக்கு ஒரு விக்கெட். பேட்டிங்கில் ஓர் இன்னிங்ஸில் அவுட் ஆகாமல் 11, இன்னொன்றில் 7.

அடுத்த மாதம் சேப்பாக்கம். சென்னையில் நடக்கப்போகும் முதல் டெஸ்ட். சொந்த ஊர்க்காரர், சொந்த மைதானம், பொங்கல் மேட்ச்சில் அவர் பந்து போடுவதைப் பார்த்துப் பழகின கூட்டம். அணியில் கோபாலன் இல்லை!

கொல்கத்தாவில் ஆடியதுதான் அவருடைய முதல் டெஸ்ட், கடைசி டெஸ்ட்டும் அதுவே. அது அப்போது யாருக்கும் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. ஏனென்றால் அவருக்கு வயது இருபத்து நாலுதான், ஃபார்ம் நன்றாக இருந்தது, அதே வருஷம் நவம்பரில் இன்னொரு வாய்ப்பும் வந்தது. ரஞ்சிக் கோப்பை என்று இன்று நாம் சொல்லும் போட்டி 1934 நவம்பர் 4 அன்று சேப்பாக்கத்தில் தொடங்கியது. மெட்ராஸும் மைசூரும் மோதின. அந்தப் போட்டியின் முதல் பந்தை வீசியவர் கோபாலன், எதிரில் நின்றவர் மைசூரின் கர்டிஸ். தொண்ணூறு வருஷமாக ரஞ்சியில் எத்தனையோ லட்சம் பந்துகள் விழுந்திருக்கின்றன. அந்த வரிசையில் முதலாவது ஒரு மொரப்பாக்கத்துக்காரருடையது. மேட்ச் ஒரே நாளில் முடிந்துவிட்டது என்பது தனிக் கூத்து. மைசூர் 48, 59, மெட்ராஸ் 130. இடது கை சுழல்பந்து வீரர் ஏ.ஜி.ராம்சிங் 11 விக்கெட் எடுத்து, கொண்டாட்டத்தையெல்லாம் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

தியான்சந்துக்குப் பின்னால் நின்றவர்

இதுவரைக்கும் கிரிக்கெட் மட்டும்தான் சொன்னேன். மனுஷன் இன்னொரு பக்கம் ஹாக்கி மட்டையோடும் ஓடிக்கொண்டிருந்தார்.

அந்தக் கால ஹாக்கியில் முன்னால் ஐந்து பேர் நிற்பார்கள், நடுவில் மூன்று பேர், பின்னால் இரண்டு பேர், கோல்கீப்பர் ஒருவர். நடுவில் நிற்கும் மூவரில் மத்தியில் இருப்பவர்தான் சென்டர் ஹாஃப். எதிரணி தாக்கிக்கொண்டு வந்தால் முதலில் மறிக்க வேண்டியவர் அவர். பந்தைப் பிடுங்கிய அடுத்த நொடியில் முன்னால் இருக்கும் ஐவரில் யாருக்குக் கொடுப்பது என்று முடிவு பண்ண வேண்டியவரும் அவரே. எழுபது நிமிஷமும் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். வேகப்பந்து வீச்சாளருக்கு இருக்கும் நெஞ்சுரம் அங்கே உதவும்.

1935-ல் இந்திய ஹாக்கி அணி நியூசிலாந்து, ஆஸ்திரேலியா பக்கம் பெரிய சுற்றுப்பயணம் போனது. கேப்டன் தியான்சந்த். அவர் தம்பி ரூப்சிங்கும் அணியில் இருந்தார். கோபாலனும் போனார். மொத்தம் 48 ஆட்டங்கள். இந்தியா போட்ட கோல்கள் 584! அதில் தியான்சந்த் மட்டுமே 201. டைப் அடித்துவிட்டு மறுபடியும் சரிபார்த்தேன், நம்பர் சரிதான். சராசரியாக ஒரு மேட்ச்சுக்குப் பன்னிரண்டு கோல். அந்தப் பயணத்தில் கோபாலன் எத்தனை பந்தை மறித்தார், எத்தனை பந்தைத் தியான்சந்துக்குத் தள்ளினார் என்பதற்குக் கணக்கு கிடையாது. சென்டர் ஹாஃபின் தலையெழுத்து அது. கோல் போட்டவர் பெயர் பேப்பரில் வரும், பந்தை எடுத்துக் கொடுத்தவர் பெயர் வராது.

சரி, இப்போது 1936.

அந்த வருஷம் கோடையில் இந்தியாவில் இருந்து இரண்டு அணிகள் கப்பல் ஏறின. ஒன்று, மூன்று டெஸ்ட் ஆட இங்கிலாந்து போகும் கிரிக்கெட் அணி. இன்னொன்று, பெர்லின் ஒலிம்பிக்ஸுக்குப் போகும் ஹாக்கி அணி. கோபாலன் பெயர் இரண்டு பக்கமும் அடிபட்டது. ஆள் ஒருவர், கப்பல் இரண்டு. ஒன்றில்தான் ஏற முடியும்.

இங்கே என் கதை ஒன்றைச் சொல்லிக்கொள்கிறேன், திட்டாதீர்கள். பத்தாவது படிக்கும்போது ஊரில் எங்கள் ஸ்கூல் வாலிபால் டீமில் நான் இருந்தேன். மண்டல அளவிலான மேட்ச் ஒரு சனிக்கிழமை. அதே சனிக்கிழமை பக்கத்துக் கிராமத்தில் டென்னிஸ் பால் கிரிக்கெட் டோர்னமென்ட், முதல் பரிசு பணம். காய்ச்சல் என்று பி.டி. வாத்தியாரிடம் பொய் சொல்லிவிட்டு கிரிக்கெட்டுக்குப் போனேன். முதல் ரவுண்டிலேயே தோற்று, மதியம் ரெண்டு மணிக்கு வீட்டில் இருந்தேன். எங்கள் வாலிபால் டீம் கப் ஜெயித்துக்கொண்டு வந்தது. திங்கட்கிழமை பிரேயரில் கைத்தட்டு வாங்கியவர்களில் நான் இல்லை. இத்தனை வருஷம் கழித்தும் அந்தப் பசங்களைப் பார்த்தால் இந்தப் பேச்சுதான் முதலில் வரும். ஒரு ஸ்கூல் கப்புக்கே எனக்கு இப்படி என்றால், கோபாலன் விஷயத்தில் எதிரில் இருந்தது ஒலிம்பிக்ஸ்.

அவர் கிரிக்கெட் கப்பலில் ஏறினார்.

முட்டாள்தனம் என்று அவசரப்பட்டுச் சொல்லிவிடாதீர்கள். அன்றைக்கு அவர் நின்ற இடத்தில் நின்று பாருங்கள். ஒரு டெஸ்ட் ஆடி இரண்டு வருஷம் ஆகிவிட்டது, இன்னொன்று ஆட வேண்டும். கிரிக்கெட் பிறந்த நாட்டில், லார்ட்ஸில் ஆட வாய்ப்பு. மாதக்கணக்கில் நீளும் சுற்றுப்பயணம், கவுண்டி அணிகளோடு நிறைய மேட்ச். மிதமான வேகத்தில் பந்தைத் திருப்பத் தெரிந்தவருக்கு இங்கிலாந்தின் குளிரும் மேகமும் ஆசை காட்டும். ஹாக்கியிலோ நியூசிலாந்து போய் நாலாபக்கமும் ஜெயித்துவிட்டு வந்தாயிற்று. அந்த வயதில் நானாக இருந்தாலும் கிரிக்கெட் என்றுதான் சொல்லியிருப்பேன். சொல்லியும் இருக்கிறேன், சனிக்கிழமை விஷயம்தான் உங்களுக்குத் தெரியுமே.

கப்பலில் ஏறும்போது அவருக்குத் தெரியாதது, அந்த அணி உள்ளுக்குள் எப்படி இருக்கப்போகிறது என்பது. கேப்டன் யார் தெரியுமா? ஹாப்ஸை வரவழைத்த அதே விஜயநகரம் மகாராஜ்குமார். விஸ்ஸி என்று கூப்பிடுவார்கள். இந்திய அணிக்கு ஒரு ராஜவம்சத்தவர்தான் தலைவராக இருக்க வேண்டும் என்ற எண்ணம் அப்போது பலமாக இருந்தது. சி.கே.நாயுடு மாதிரி நிஜமான ஆட்டக்காரர்கள் அவருக்குக் கீழே ஆட வேண்டியிருந்தது. அணி இரண்டு கோஷ்டியாகப் பிரிந்தது. நல்ல ஃபார்மில் இருந்த லாலா அமர்நாத்தை, ஒழுங்கு நடவடிக்கை என்று சொல்லி, முதல் டெஸ்ட்டுக்கு முன்பே ஜூனில் ஊருக்குத் திருப்பி அனுப்பினார்கள். கோபாலன் தன் இருபத்தேழாவது பிறந்தநாளைக் கடந்தது இந்தக் களேபரம் நடந்த அதே மாதத்தில்.

ஜூன் 27-ல் லார்ட்ஸ் டெஸ்ட் தொடங்கியது. கோபாலன் இல்லை. ஒன்பது விக்கெட் வித்தியாசத்தில் தோல்வி. ஜூலையில் மான்செஸ்டர். கோபாலன் இல்லை. விஜய் மெர்ச்சன்ட்டும் முஷ்டாக் அலியும் முதல் விக்கெட்டுக்கு 203 அடித்துக் காப்பாற்ற, டிரா. முஷ்டாக் அலி, ஞாபகம் இருக்கிறதா, கொல்கத்தாவில் கோபாலனோடு ஒரே நாளில் அறிமுகமானவர். கேப்டன் விஸ்ஸி மூன்று டெஸ்ட்டும் ஆடினார். ஆறு இன்னிங்ஸில் அவர் எடுத்த ரன் 33. அந்த வருஷம் அவருக்கு சர் பட்டமும் கிடைத்தது. இதற்கு மேல் நான் எதுவும் சொல்ல வேண்டாம் என்று நினைக்கிறேன்.

அதே அணியில் இன்னொரு மெட்ராஸ்காரர் இருந்தார், சி.ராமசாமி. புச்சிபாபு நாயுடுவின் மகன். அவரும் இரண்டு விளையாட்டில் இந்தியாவுக்கு ஆடியவர். 1922-ல் டேவிஸ் கோப்பை டென்னிஸ், பதினாலு வருஷம் கழித்து மான்செஸ்டரில் முதல் டெஸ்ட், வயது நாற்பது! 40, 60 என்று அடித்தார். அடுத்த டெஸ்ட்டிலும் ஆடினார். 1985-ல் தொண்ணூறை நெருங்கும் வயதில் ஒருநாள் வீட்டைவிட்டு வெளியே போனவர், அப்புறம் திரும்பவே இல்லை. அது தனிக் கட்டுரைக்கான கதை, இன்னொரு வாரம் எழுதுகிறேன். இங்கே சொன்னது ஏனென்றால், அதே அணியில் போன இரண்டு மெட்ராஸ்காரர்களில் நாற்பது வயதுக்காரருக்கு இரண்டு டெஸ்ட், இருபத்தேழு வயதுக்காரருக்கு ஒன்றுகூட இல்லை.

ஆகஸ்ட் 15, சனிக்கிழமை

இப்போது பெர்லின். ஹாக்கி அணி ஜூன் கடைசியில்தான் இந்தியாவில் இருந்து கிளம்பியது. அங்கே போய் இறங்கியதும் ஜெர்மனியோடு ஒரு பயிற்சி ஆட்டம். 1-4 என்று தோற்றுப்போனார்கள். தியான்சந்த் அணிக்குத் தூக்கம் போயிற்று. இந்தியாவுக்குத் தந்தி அடித்து ஆள் கேட்டார்கள். ஏ.ஐ.எஸ்.தாரா விமானத்தில் பறந்து வந்து அரையிறுதிக்குள் சேர்ந்துகொண்டார். 1936-ல் ஒரு விளையாட்டு வீரரை விமானத்தில் வரவழைப்பது என்றால் எவ்வளவு பதற்றத்தில் இருந்திருப்பார்கள் என்று பார்த்துக்கொள்ளுங்கள். அவர்களுக்குத் தேவைப்பட்டது முன்வரிசை ஆள், சென்டர் ஹாஃப் இல்லை. அது வாஸ்தவம். இருந்தாலும் எனக்கு மனசு கேட்கவில்லை. தியான்சந்தோடு முந்தின வருஷம் கடல் தாண்டிப் போய் ஆடிய ஒருத்தர், கால்வாய்க்கு இந்தப் பக்கம் இங்கிலாந்தில், டெஸ்ட் அணியில் இடமில்லாமல் இருக்கிறார். பெர்லினில் இவர்கள் ஆயிரக்கணக்கான மைல் தள்ளியிருக்கும் இந்தியாவுக்குத் தந்தி அடிக்கிறார்கள்.

இறுதிப்போட்டி ஆகஸ்ட் 14 அன்று நடக்க வேண்டியது, மழையால் ஒருநாள் தள்ளிப்போனது. ஆகஸ்ட் 15. ஜெர்மனியை இந்தியா 8-1 என்று அடித்துத் துவைத்தது. அந்த ஒலிம்பிக்ஸ் முழுக்க இந்தியா போட்டது 38 கோல், வாங்கியது அந்த ஒன்றே ஒன்று.

அதே ஆகஸ்ட் 15 அன்று லண்டன் ஓவல் மைதானத்தில் மூன்றாவது டெஸ்ட் தொடங்கியது. அங்கேயும் ஆடும் பதினொருவரில் கோபாலன் இல்லை. இங்கிலாந்து 471 ரன் குவித்தது. வாலி ஹாமண்ட் மட்டும் 217. மறுபடியும் ஒன்பது விக்கெட் தோல்வி. ஒரே நாளில் ஒரு நகரத்தில் அவர் ஆடாத ஹாக்கி அணி தங்கம் வாங்குகிறது. இன்னொரு நகரத்தில் அவரை ஆடவிடாத கிரிக்கெட் அணி அடி வாங்க ஆரம்பிக்கிறது. சினிமாவில் இப்படி வைத்தால் ஓவரா இருக்கு என்று நாமே சிரிப்போம்.

அன்றைக்கு அவர் மனசில் என்ன ஓடியது என்று கற்பனை பண்ணி எழுத எனக்கு இஷ்டமில்லை. அதற்கப்புறம் அவர் என்ன செய்தார் என்பதைச் சொல்கிறேன்.

ஊருக்குத் திரும்பினார். பர்மா ஷெல் வேலை, சாயங்காலம் மைதானம். மெட்ராஸுக்காக ரஞ்சி ஆடினார். ஆடினார் என்றால் ஏதோ ஒன்றிரண்டு சீசன் இல்லை, இன்னும் பதினைந்து வருஷம்! இரண்டாம் உலகப் போர் வந்து போனது, சுதந்திரம் வந்தது, டெஸ்ட் அணிக்குப் புதுத் தலைமுறை வந்தது. இவர் பந்து போட்டுக்கொண்டே இருந்தார். 1940-41-ல் மெட்ராஸ் ரஞ்சி இறுதிப்போட்டி வரைக்கும் போய் மகாராஷ்டிராவிடம் தோற்றது. கோப்பை மெட்ராஸுக்கு முதன்முதலாகக் கிடைத்தது 1954-55-ல். அப்போது கோபாலன் ஆட்டத்தை விட்டிருந்தார். இந்த மனுஷனுக்கும் நேரத்துக்கும் ஏதோ ஒரு வாய்க்கால் தகராறு இருந்திருக்கிறது. முதல்தர கிரிக்கெட்டில் அவர் எடுத்த விக்கெட்டுகள் 200-க்குச் சற்றே குறைவு.

அவருடைய ஆட்ட வாழ்க்கையின் இருபத்தைந்தாவது ஆண்டைக் கௌரவிக்க மெட்ராஸ் கிரிக்கெட் சங்கம் 1950-களின் தொடக்கத்தில் ஒரு கோப்பையை ஏற்படுத்தியது. மெட்ராஸும் இலங்கையும் மோதும் கோபாலன் கோப்பை. நம்மில் பலருக்கு இதன் அருமை தெரியாது. இலங்கைக்கு டெஸ்ட் அந்தஸ்து கிடைத்தது 1981-ல்தான். அதற்கு முன்னால் அந்த நாட்டு ஆட்டக்காரர்களுக்கு வெளி அணியோடு முதல்தர மேட்ச் கிடைப்பதே அபூர்வம். கோபாலன் கோப்பை அவர்களுக்கு வருஷா வருஷம் கிடைத்த ஒரு நல்ல உரைகல். சென்னையில் ஒருமுறை, கொழும்பில் ஒருமுறை என்று மாறி மாறி நடக்கும். கிரிக்கெட் பேசும் பழைய கொழும்புக்காரர்களுக்கு அந்தப் பெயர் தெரிந்திருக்கும். நம்ம ஊரில் பெரிய ஸ்கோர் போர்டு வைத்து டோர்னமென்ட் நடத்தும் தம்பிகளிடம் நான் கேட்டுப் பார்த்தேன். ஒருத்தருக்கும் தெரியவில்லை. பெர்லின் கதையைச் சொன்னதும் பேட்டிங் ஆடிக்கொண்டிருந்தவனும் மட்டையைக் கீழே போட்டுவிட்டு வந்து உட்கார்ந்துவிட்டான். அதில் ஒரு பையன் கேட்டான், அப்ப அவருக்கு கடைசி வரைக்கும் ஒண்ணுமே கிடைக்கலையாண்ணா என்று.

கிடைத்தது, வேடிக்கையான ஒன்று. நீண்ட ஆயுள். 2003 அக்டோபர் 31 அன்று நியூசிலாந்தின் லிண்ட்சே வீர் இறந்தபோது, உயிரோடு இருப்பவர்களில் உலகின் மிக வயதான டெஸ்ட் ஆட்டக்காரர் என்ற பெயர், ஒரே ஒரு டெஸ்ட் ஆடிய கோபாலனுக்கு வந்தது. ஏழு வாரம் அந்தப் பெயர் அவரிடம் இருந்தது. டிசம்பர் 21 அன்று, தொண்ணூற்று நாலாவது வயதில் அவர் காலமானார். அவருக்கு அடுத்து அந்த இடம் டான் கிளெவர்லி என்பவருக்குப் போனது. அவரும் நியூசிலாந்துக்காரர்.